முற்போக்கு ஸ்லோவாக்கியாவின் எழுச்சி: சதவீதத்தை மட்டும் பார்ப்பதால் வரும் தவறுகள்

ஸ்லோவாக்கியாவில் 2017ஆம் ஆண்டின் இறுதியில் பதிவு பெற்ற ‘முற்போக்கு ஸ்லோவாக்கியா’ என்னும் சிறிய தாராளவாதக் கட்சி, 2023இல் அந்நாட்டு நாடாளுமன்றத்தின் இரண்டாவது பெரிய கட்சியாகவும், 2024இல் ஐரோப்பிய நாடாளுமன்றத் தேர்தலில் முதலிடம் பெற்ற கட்சியாகவும் உயர்ந்தது. இந்த வளர்ச்சியை ஐரோப்பிய ஒன்றியத்தின் மீது மக்களுக்குப் பெருகிவந்த பற்றின் அளவுகோலாக எடுத்துக்கொண்டு எழுதுவோர் பலர் உண்டு. அப்படி எழுதும்போது, எந்தத் தேர்தலில் எத்தனை பேர் வாக்களித்தார்கள், அந்தத் தேர்தலின் விதி என்ன என்ற இரு கேள்விகளும் கைவிடப்படுகின்றன. பெரும்பாலான தவறுகள் அங்கிருந்தே தொடங்குகின்றன.

அவற்றுள் மிகப் பெரியது, வேறு வேறு வகைத் தேர்தல்களின் சதவீதங்களை ஒரே கோட்டில் அடுக்கிப் பார்ப்பது. 2019 மே மாத ஐரோப்பிய நாடாளுமன்றத் தேர்தலில் இக்கட்சியும் ‘ஸ்போலு’ என்னும் மற்றொரு புதிய கட்சியும் சேர்ந்து நிறுத்திய பட்டியல் 20.11 சதவீத வாக்குகளுடன் முதலிடம் பெற்றது. ஒன்பதே மாதங்களில், 2020 பிப்ரவரி 29 அன்று நடந்த பொதுத்தேர்தலில், அதே கூட்டணி 6.96 சதவீதத்துக்கு இறங்கி, ஓர் இடம்கூடப் பெறாமல் வெளியேறியது. படிப்பவர் யாரும் இதைப் பெரும் சரிவு என்றே முடிவு கட்டுவார்கள். வாக்குகளை எண்ணிப் பார்த்தால் கதை வேறு. 2019இல் அந்தப் பட்டியலுக்குக் கிடைத்தவை ஏறத்தாழ 1.98 லட்சம் வாக்குகள். 2020இல் கிடைத்தவையோ 2 லட்சத்துக்குச் சற்று மேல். ஆதரவாளர்களின் எண்ணிக்கை குறையவில்லை. ஐரோப்பியத் தேர்தலில் 22.74 சதவீதம் பேர் மட்டுமே வாக்களித்த நாட்டில், பொதுத்தேர்தலுக்கு 65 சதவீதத்துக்கும் மேற்பட்டோர் வந்தனர் என்பதே வேறுபாடு. புதிதாக வந்த அந்த லட்சக்கணக்கானோரில் பெரும்பாலானவர்களை இக்கட்சியால் தன்பக்கம் இழுக்க முடியவில்லை.

இதே கணக்கு பின்னர் எதிர்த்திசையிலும் ஏமாற்றியது. 2023 செப்டம்பர் பொதுத்தேர்தலில் கட்சி பெற்ற 17.96 சதவீதம், 2024 ஜூன் ஐரோப்பியத் தேர்தலில் 27.81 சதவீதமாக உயர்ந்தபோது, எட்டு மாதங்களில் பத்து சதவீதப் புள்ளிகள் வளர்ச்சி என்று அதைப் படிக்கத் தோன்றும். உண்மையில் வாக்குகள் ஏறத்தாழ 5.33 லட்சத்திலிருந்து 4.11 லட்சம் அளவுக்குக் குறைந்திருந்தன. மறுமுனையில் இருந்த கட்சிகளின் ஆதரவாளர்கள் இன்னும் அதிக அளவில் வீட்டிலேயே இருந்துவிட்டார்கள். வாக்களிக்கத் தவறாமல் வரும் ஆதரவாளர்களைப் பெற்றிருப்பது ஒரு கட்சிக்குப் பெரும் பலம் என்பதில் ஐயமில்லை. ஆனால் அந்தப் பலத்தை மக்களாதரவின் விரிவு என்று எழுதுவது வாசகருக்குத் தவறான செய்தியைத் தருவதாகும்.

தனிநபரின் வெற்றியைக் கட்சியின் வெற்றியாகக் கொள்வதும் இதனோடு சேர்ந்த பிழையே. 2018 பிப்ரவரியில் செய்தியாளர் யான் குச்சியாக்கும் அவருடைய வருங்கால மனைவி மார்ட்டினா குஷ்னீரோவாவும் சுட்டுக்கொல்லப்பட்ட பிறகு, ஸ்லோவாக்கியத் தெருக்களில் திரண்ட கூட்டம் பிரதமர் ராபர்ட் ஃபிட்சோவைப் பதவி விலகச் செய்தது. அந்தச் சீற்றமும் துயரமும் ஆறாதிருந்த சூழலில், கட்சியின் துணைத்தலைவராக இருந்த வழக்கறிஞர் சுசானா சாப்புத்தோவா 2019 மார்ச்சில் குடியரசுத் தலைவர் தேர்தலில் வென்றார். இரண்டாம் சுற்றில் அவருக்குக் கிடைத்தவை 10 லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள். இரண்டே மாதங்களில் கட்சி சார்ந்த பட்டியலுக்குக் கிடைத்தது அதில் ஐந்தில் ஒரு பங்குக்கும் குறைவு. தீமையை எதிர்த்து நிற்போம் என்ற அவருடைய முழக்கத்துக்கு வாக்களித்தவர்களில் பலர், அவருடைய கட்சியின் மற்றக் கொள்கைகளை ஏற்றவர்கள் அல்லர். பதவியேற்கும் முன்பே அவர் கட்சியை விட்டு விலகியதையும் நினைவில் கொள்ள வேண்டும்.

அடுத்தது, தேர்தல் விதியை அறியாமல் தோல்விக்குக் காரணம் தேடுவது. தொகுதியில் அதிக வாக்குப் பெற்றவர் வெல்லும் முறைக்குப் பழகியவர்களுக்குக் கூட்டணி என்றாலே ஆதாயம் என்ற எண்ணம் இருக்கும். ஸ்லோவாக்கியாவில் நாடு முழுவதும் ஒரே தொகுதி; 150 இடங்களும் விகிதாசாரப்படி பகிரப்படுகின்றன. தனிக்கட்சி 5 சதவீதம் பெற்றால் உள்ளே நுழையலாம். இரண்டு அல்லது மூன்று கட்சிகள் கூட்டுப்பட்டியல் அளித்தால் 7 சதவீதம் தேவை. முற்போக்கு ஸ்லோவாக்கியா 2020இல் ஸ்போலுவோடு சேர்ந்ததால் இந்த உயர்ந்த வரம்புக்கு உட்பட்டு, 926 வாக்குகளில் வாய்ப்பை இழந்தது. இரண்டு லட்சம் பேர் அளித்த வாக்கு ஓர் உறுப்பினரையும் உருவாக்காமல் போனதற்கு, தாராளவாதத்தை மக்கள் நிராகரித்தார்கள் என்று விளக்கம் சொல்வது, அந்த இரண்டு லட்சம் பேருக்கும் இழைக்கும் அநீதி என்றே கருதுகிறேன்.

அந்தத் தோல்வியே பின்னர் கட்சிக்கு உதவியது என்பது என் கணிப்பு. 2020இல் அமைந்த இகோர் மாத்தோவிச்சின் நான்கு கட்சி அரசு உட்பூசலில் சிதைந்தது. மாத்தோவிச் 2021இல் பிரதமர் பதவியை விட்டார், அவருக்குப் பின் வந்த எடுவார்ட் ஹேகரின் அரசு 2022 டிசம்பரில் நம்பிக்கையில்லாத் தீர்மானத்தில் வீழ்ந்தது. முன்னாள் குடியரசுத் தலைவர் ஆண்ட்ரே கிஸ்கா தொடங்கிய ‘மக்களுக்காக’ கட்சி போன்றவை அந்த அரசில் பங்கேற்றுக் கரைந்துபோயின. வெளியே நின்றிருந்த முற்போக்கு ஸ்லோவாக்கியாவின் மீது அந்தக் கறை படியவில்லை. 2022இல் மிகால் ஷிமெச்கா தலைமையேற்ற பின் கட்சி பெற்ற வளர்ச்சியில் பெரும்பங்கு, ஃபிட்சோவின் எதிர்ப்பாளர்களுக்குள்ளேயே நடந்த இடமாற்றம். அந்த முகாம் முழுவதும் அதே வேகத்தில் பெரிதாகவில்லை.

சொற்களிலும் கவனம் தேவை. தமிழில் ‘தாராளவாதம்’ என்றதும் தாராளமயம், தனியார்மயம் என்று பொருளாதாரத்தை நோக்கி மனம் செல்கிறது. ஸ்லோவாக்கியாவில் அந்தப் பொருளில் தாராளவாதக் கட்சி என்றால், குறைந்த வரியையும் சிறிய அரசையும் வலியுறுத்தும் ‘சுதந்திரமும் ஒற்றுமையும்’ கட்சியைத்தான் சொல்ல வேண்டும். 2011இல், கடனில் சிக்கிய யூரோ நாடுகளுக்கு உதவும் யூரோ மீட்பு நிதியின் விரிவாக்கத்துக்கு ஆதரவு தர மறுத்து, தான் அங்கம் வகித்த இவெட்டா ரடிச்சோவாவின் அரசு கவிழக் காரணமானதும் அதே கட்சிதான். எனவே தாராளவாதம் என்பதும் ஐரோப்பிய ஒன்றிய ஆதரவு என்பதும் பிரியாத இரட்டையர் அல்ல. முற்போக்கு ஸ்லோவாக்கியாவின் தாராளவாதம் பெண்ணுரிமை, சிறுபான்மையினர் உரிமை, ஒருபாலினத்தவரின் இணைவாழ்வுக்குச் சட்ட அங்கீகாரம், சுற்றுச்சூழல் ஆகியவற்றைச் சார்ந்தது. மறுபக்கம், 2009இல் நாடு யூரோ நாணயத்தை ஏற்றபோது ஆட்சியில் இருந்தவர், ஐரோப்பிய ஒன்றியத்தை விமர்சிப்பவராக அறியப்படும் ஃபிட்சோ என்பதால், ஐரோப்பிய ஆதரவு, எதிர்ப்பு என்று ஒரே கோடு போட்டு இந்நாட்டின் கட்சிகளைப் பிரித்துவிடவும் முடியாது.

கட்சியின் வலு தலைநகர் பிராட்டிஸ்லாவாவிலும் நகர்ப்புறங்களிலும் குவிந்திருப்பது உண்மை. 2023இல் வெளிநாட்டிலிருந்து அஞ்சலில் வந்த வாக்குகளில் 60 சதவீதத்துக்கும் மேல் இக்கட்சிக்கே கிடைத்தன. ஆயினும் 5 லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள் தலைநகரில் மட்டுமே திரட்டியவையாக இருக்க இயலாது.

முதலிடம் வந்தால் ஆட்சி என்று எண்ணுவதே இன்றும் அதிகம் காணப்படும் பிழை. 2023 செப்டம்பர் 30 இரவு வெளியான வாக்குக்கணிப்புகள் இக்கட்சியை முன்னிலையில் காட்டின. விடிந்தபோது ஃபிட்சோவின் ஸ்மேர் கட்சி 22.94 சதவீதத்துடன் வென்றிருந்தது. வரிசை மாறியிருந்தாலும் ஆட்சி மாறியிருக்குமா என்பது ஐயமே. முற்போக்கு ஸ்லோவாக்கியாவின் 32 இடங்களோடு மாத்தோவிச் அணியின் 16, கிறிஸ்தவ ஜனநாயக இயக்கத்தின் 12, ‘சுதந்திரமும் ஒற்றுமையும்’ கட்சியின் 11 ஆகியவற்றைக் கூட்டினால் 71தான் வருகிறது. பெரும்பான்மைக்கு 76 வேண்டும். 27 இடங்கள் வைத்திருந்த பீட்டர் பெல்லெக்ரீனியின் ஹ்லாஸ் கட்சி ஃபிட்சோவுடன் சேர்ந்தது.

அடுத்த பொதுத்தேர்தல் 2027இல் வரவேண்டும். அதை நோக்கி வரும் கருத்துக்கணிப்புகளில் முதல் வரியை மட்டும் படிப்பவர்கள், 5 சதவீத எல்லையை ஒட்டி நிற்கும் சிறிய கட்சிகளின் வரிகளையும் படிக்க வேண்டும். கிறிஸ்தவ ஜனநாயக இயக்கம் 2016இல் 4.94 சதவீதமும் 2020இல் 4.65 சதவீதமும் பெற்று இருமுறை வெளியே நின்ற கட்சி. அது உள்ளே வந்தாலும் கணக்கு எளிதாகிவிடாது: ஆண், பெண் என இரு பாலினங்களை மட்டுமே அங்கீகரிக்கும் அரசியலமைப்புத் திருத்தத்தை ஃபிட்சோ அரசு 2025 செப்டம்பரில் கொண்டுவந்தபோது, தேவையான 90 வாக்குகள் சேர்வதற்குக் கை கொடுத்தவர்களில் அந்த இயக்கத்தின் உறுப்பினர்களும் இருந்தார்கள்.