வாய்மொழி வரலாற்றை ஆவணப்படமாக்குவது எப்படி?

ஓர் ஊரின் வாய்மொழி வரலாற்றைப் படமாக்க முனைபவர், கேமராவைத் தொடுவதற்கு முன் சொல்லப்போகிறவர்களைச் சிலமுறை வெறுங்கையோடு சந்தித்துப் பழகிவிட வேண்டும். ஆனால் அச்சந்திப்புகளிலேயே முழுக்கதையையும் கேட்டுவிடக் கூடாது; கேட்டுவிட்டால், படப்பிடிப்பன்று “அதுதான் அன்றைக்கே சொன்னேனே” என்று பாதியை விழுங்கிவிடுவார்கள்.

காட்சியைவிட ஒலிக்கே முதலிடம் தர வேண்டும். சட்டை மைக்கை முகவாய்க்கு ஒரு சாண் கீழே பொருத்தி, பதிவுக் கருவியின் ஒலித்தரத்தை 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் என்று அமைத்துப் பதிவுசெய்து, பேட்டி முடிந்ததும் எவரும் பேசாமல் அவ்வறையின் ஒலியை மட்டும் ஒரு நிமிடம் பதிந்துகொண்டால், படத்தொகுப்பில் வெட்டிய இடங்களின் தழும்பு தெரியாமல் மூட அது உதவும். மின்விசிறியையும் பிரிட்ஜையும் நிறுத்திவிடுங்கள். (நிறுத்தியவர் தம் வண்டிச் சாவியை பிரிட்ஜுக்குள் வைத்துவிடுவது நல்லது, மறுபடி இயக்காமல் கிளம்பிவிட மாட்டார்.)

ஊரில் வந்த ஒரு வெள்ளத்தைப் பற்றிக் கேட்பதாக வைத்துக்கொள்வோம். “வெள்ளம் பயங்கரமாக இருந்ததா?” என்று கேட்டால் “ஆமாம்” என்பதோடு முடிந்துவிடும். “தண்ணீர் வாசற்படி ஏறியபோது எதைக் கையில் எடுத்தீர்கள்?” என்று கேட்டுப் பாருங்கள். பதில் முடிந்ததுபோல் தோன்றினாலும் மனத்துக்குள் ஐந்துவரை எண்ணுங்கள். பெரும்பாலும் அந்த மௌனத்துக்குப் பிறகே உண்மையான பதில் வரும். “ம்” கொட்டாமல் தலையை மட்டும் அசையுங்கள்.

சொன்னவை பழைய ஆவணங்களோடு முரண்படும்போது பதறி வெட்டிவிடக் கூடாது. இத்தாலியின் தெர்னி நகரில் லூயிஜி திராஸ்துல்லி என்ற எஃகாலைத் தொழிலாளி 1949இல் நேட்டோ ராணுவக் கூட்டணிக்கு எதிரான ஆர்ப்பாட்டத்தின்போது கொல்லப்பட்டார்; பின்னாளில் அவ்வூரார் பலர் அதனை 1953இல் நடந்த ஆட்குறைப்பு எதிர்ப்புப் போராட்டத்தின் நிகழ்வாகவே நினைவுகூர்ந்தனர். தேதி தவறுதான், ஆனால் எந்த இழப்பு அவர்களை ஆழமாகத் தைத்தது என்பதை அத்தவறே காட்டிக்கொடுக்கிறது. இத்தகைய இடங்களில் குரலை ஓடவிட்டு, ஆவணத்தைத் திரையில் அருகில் வைப்பதே என் பரிந்துரை. திருத்தும் பின்னணிக் குரல் பேசியவரைப் பொய்யராக்கிவிடும்.

பேட்டிகளை நேரக்குறிப்போடு எழுத்தில் பெயர்த்த பிறகே தொகுப்பைத் தொடங்குங்கள். ஒப்புதலைப் பதிவுக்கு முன் வாங்குவதோடு நில்லாமல் முடிந்தபின்னும் ஒருமுறை கேளுங்கள், ஏனெனில் என்ன சொல்லப்போகிறோம் என்பது தொடங்கும்போது அவர்களுக்கே தெரியாது. இறுதி வடிவத்தை வெளியிடுமுன் அவர்களுக்குத் திரையிட்டுக் காட்டுங்கள். வெட்டாத மூலப்பதிவின் ஒரு பிரதியையும் அக்குடும்பத்திடமே கொடுத்துவிடுங்கள்.