நடிகர் டான்கூரின் நாடகங்களை வாசிக்கும் முறை

பிரெஞ்சு நாடகாசிரியர் ஃப்ளோரான் கார்த்தோன் டான்கூரை வாசிக்கத் தொடங்குபவர், அவர் தமக்கும் தம் குழுவினருக்கும் வேடங்களை எழுதிய நடிகர் என்பதை ஒருபோதும் மறக்கலாகாது. 1661இல் ஃபோந்தேன்புளோவில் பிறந்து, சட்டம் பயின்று வழக்கறிஞரான அவர், புகழ்பெற்ற நகைச்சுவை நாடகாசிரியர் மோலியேரின் குழுவைச் சேர்ந்த நடிகர் லா தொரிலியேரின் மகளை மணந்து மேடைக்கு வந்தார். 1685 முதல் 1718 வரை பாரிஸின் கொமெதி பிரான்சேஸ் என்னும் நாடகக் குழுவில் அவரும் மனைவியும் நடித்தனர். பின்னர் இரு மகள்களும் அதே மேடையில் ஏறினர். இந்தக் குடும்பச் செய்தியை அறிந்தபின் வாசித்தால், அவருடைய பெண் பாத்திரங்கள் ஏன் இத்தனை உயிரோட்டமாகப் பேசுகிறார்கள் என்பது விளங்கத் தொடங்கும்.

முதலில் 1687இல் அரங்கேறிய 'லெ ஷெவாலியே ஆ லா மோட்' என்னும் ஐந்தங்க உரைநடை நாடகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். பணத்தால் உயர்குடிப் பெருமையை வாங்கத் துடிக்கும் விதவை பாத்தேன் அம்மையார், தம்முடைய பகட்டான வண்டியை ஒரு பிரபுகுலப் பெண்ணின் வண்டிக்காகத் தெருவில் இருபது காலடி தூரத்துக்கு மேல் பின்வாங்க வைத்துவிட்டார்களே என்று பொருமியபடி நுழையும் முதற் காட்சியை வாய்விட்டுப் படியுங்கள். அக்காலப் பாரிஸில் பணத்துக்கும் பிறப்புக்கும் இடையே நிலவிய பகையை இவ்வளவு சுருக்கமாகக் காட்டிய தொடக்கத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை. இந்நாடகத்தில் சேன்த்-யோன் என்பவருக்கும் பங்குண்டு என்பதால், இதை மட்டும் வைத்து டான்கூரின் நடையை முடிவு செய்ய வேண்டாம்.

அடுத்து ஓரங்க நாடகங்களுக்கு வாருங்கள்; அவருடைய தனித்திறன் அவற்றில்தான் இருக்கிறது. சுரேன் ஊரின் திராட்சை அறுவடை (1695), சேன்-ஜெர்மேன் சந்தை (1696) என ஊரார் பேசிக்கொண்டிருந்த இடங்களையும் நிகழ்வுகளையும் அவர் உடனுக்குடன் மேடையேற்றினார். 1698இல் எழுதிய 'லெ மாரி ரெத்ருவே', கொலையுண்டதாக நம்பப்பட்ட கணவர் உயிருடன் திரும்பிய உண்மை வழக்கொன்றைத் தழுவியது. ஆகவே ஒவ்வொன்றையும் வாசிக்குமுன் அவ்வாண்டின் பாரிஸ் செய்திகளைச் சற்று அறிந்துகொள்வது பயன்தரும்.

கொமெதி பிரான்சேஸின் அன்றாடக் கணக்கேடுகள் எண்ணிம வடிவில் இணையத்தில் கிடைக்கின்றன. எந்த நாளில் எந்த நாடகம் நடந்தது, வசூல் எவ்வளவு என்பதை அவற்றில் காணலாம். ஆனால் ஓரங்க நாடகங்கள் பெரும்பாலும் நீண்ட நாடகமொன்றுக்குப் பின் அதே மாலையில் நடிக்கப்பட்டதால், அன்றைய வசூலை முழுவதும் டான்கூரின் கணக்கில் சேர்த்துவிடக் கூடாது. உடன் நடந்த நாடகம் புதியதா பழையதா என்பதையும் பார்த்து, பல நாள் வசூலை ஒப்பிட்ட பிறகே மக்கள் வரவேற்பைப் பற்றி ஏதேனும் சொல்ல இயலும்.

நாடகப் பிரதிகளுக்கு, 1760இல் பன்னிரண்டு தொகுதிகளாக வெளிவந்த பதிப்பை பிரான்ஸ் தேசிய நூலகத்தின் 'கலிக்கா' தளத்தில் தேடுங்கள். பழைய அச்சில் அவர் பெயரின் (Dancourt) முதல் எழுத்தை d'Ancourt என மேற்குறியிட்டுப் பிரித்திருப்பார்கள் என்பதால், பிரித்தும் சேர்த்தும் இரு முறை தேட வேண்டும்.