அக்ரிமெண்ட் போட்டவர் கிரயம் செய்து தர மறுத்தால்

ஓசூர், சூளகிரி பக்கம் சிப்காட், விமான நிலையம் என்று பேச்சு எழுந்தாலே, பழைய விலைக்கு அட்வான்ஸ் வாங்கியவருக்கு எழுதித்தர மனம் வராது. தருமபுரிப் பக்கம் அண்ணன் ஒருவரே கையெழுத்துப் போட்டிருப்பார். தங்கைகள் பங்கு கேட்டு நிற்பார்கள். எதுவானாலும் முதலில் பார்க்க வேண்டியது ஒப்பந்தத்தில் எழுதியிருக்கும் கெடு தேதியை.

அந்தத் தேதியிலிருந்து 3 ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். தேதியே குறிக்கவில்லை என்றால், மறுத்துவிட்டார் என்று தெரிந்த நாளிலிருந்து 3 ஆண்டு. "தை பிறக்கட்டும், எழுதித்தர்றேன்" என்ற வாய்ப்பேச்சை நம்பி நாளைக் கடத்தாதீர்கள். நீட்டிப்பு என்றால் எழுத்தில், இரு தரப்புக் கையெழுத்தோடு வாங்குங்கள். 3 ஆண்டு இருக்கிறதே என்று சும்மா இருப்பதும் தவறு. தாமதமே, உங்களிடம் பணம் இல்லை என்று எதிர்த்தரப்பு வாதிட இடம் தரும்.

இந்த வழக்குகள் பெரும்பாலும் தோற்பது அந்த இடத்தில்தான். மீதித் தொகையைக் கொடுத்துக் கிரயம் பெற ஒப்பந்த நாள் தொட்டே தயாராகவும் விருப்பமாகவும் இருந்தேன் என்று வாங்குபவர் நிரூபிக்க வேண்டும். தனிப்பரிகாரச் சட்டம் (Specific Relief Act) பிரிவு 16(சி) சொல்வது இதுவே. காவேரிப்பட்டணத்தில் 30 லட்சத்துக்கு மாந்தோப்பு பேசி 5 லட்சம் கொடுத்திருந்தால், மீதி 25 லட்சம் எங்கிருந்து வரும் என்பதைக் காகிதம் காட்ட வேண்டும்: கெடு நாளையொட்டிய வங்கிக் கணக்கு அறிக்கை, கடன் அனுமதிக் கடிதம், வைப்புத்தொகை ரசீது. பணத்தை நீதிமன்றத்தில் கட்டத் தேவையில்லை, நீதிமன்றமே உத்தரவிட்டால் தவிர. ஆனால் "மச்சான் தருவார்" என்ற சாட்சியம் குறுக்கு விசாரணையில் நிற்காது.

அடுத்தது வக்கீல் நோட்டீஸ். கெடு முடியுமுன் அனுப்புவதே நல்லது. அதில் மிரட்டல் வேண்டாம், நாளும் இடமும் வேண்டும்: "மீதி ரூ.25 லட்சத்துடன் இன்ன தேதி காலை 10 மணிக்கு இன்ன சார்பதிவாளர் அலுவலகத்தில் இருப்பேன், அசல் பத்திரங்களோடு வந்து கிரயம் எழுதிக்கொடுக்கவும்." சொன்னபடி போங்கள். நோட்டீஸின் நகல், தபால் ரசீது, சேர்ந்ததற்கான சான்று மூன்றையும் பத்திரப்படுத்துங்கள். அவர் வாங்க மறுத்துத் திரும்பி வந்த உறையைப் பிரிக்காமல் வையுங்கள், அதுவும் சான்று.

பலனில்லை என்றால், ஏற்றதை ஆற்றக்கோரும் வழக்கு, அதாவது ஒப்பந்தப்படி கிரயம் எழுதித்தரச் சொல்லும் வழக்கு. நிலம் இருக்கும் ஊருக்கு அதிகாரமுள்ள நீதிமன்றத்தில் போட வேண்டும். கட்டணம் முழுக் கிரயத் தொகைமேல் 3 சதவீதம். 30 லட்சத்துக்கு 90,000 ரூபாய். பிராதில், அதாவது வழக்கு மனுவில், இன்னொரு கோரிக்கையும் கட்டாயம் இருக்கட்டும்: கிரயம் கிடைக்காவிட்டால் அட்வான்ஸைத் திருப்பித் தர வேண்டும் என்ற மாற்றுப் பரிகாரம். கேட்காமல் விட்டதை நீதிமன்றம் தானாகத் தராது. பிறகு திருத்த மனு போட்டு அலைய வேண்டும். கூடவே, வேறு யாருக்கும் விற்கக் கூடாது என்று இடைக்காலத் தடையுத்தரவும் கேளுங்கள். உத்தரவு நகலைச் சார்பதிவாளரிடம் சேர்ப்பியுங்கள்.

தமிழ்நாட்டில் 1.12.2012 முதல் கிரய ஒப்பந்தத்தைப் பதிவு செய்வது கட்டாயம். பதிவான ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் தெரியும். அடுத்து வாங்குபவர் "எனக்குத் தெரியாது" என்று தப்ப முடியாது. பதிவாகாத ஒப்பந்தமும் இவ்வழக்கில் சான்றாக ஏற்கப்படும் என்று உச்ச நீதிமன்றம் 2023-இல் சொல்லிவிட்டது. ஆனால் இடையில் விவரமறியாமல் முழு விலை கொடுத்து நல்லெண்ணத்தோடு வாங்கியவரை அசைப்பது கடினம். அட்வான்ஸை ரொக்கமாகக் கொடுத்தவர்களுக்கு ஓர் எச்சரிக்கை: 2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கம் என்று வழக்கில் சொன்னால், நீதிமன்றம் வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது 2025 உச்ச நீதிமன்ற உத்தரவு.

தங்கைகள் கையெழுத்திடாத பூர்வீகச் சொத்தில் அண்ணன் பங்குக்கு மேல் கிடைக்காது. அதற்கும் பிறகு பாகப்பிரிவினை வழக்கு நடத்த வேண்டும். பட்டியல் சாதியினருக்கு அரசு ஒதுக்கிய பஞ்சமி நிலத்தை மற்றவர் வாங்குவதென்றாலோ, விற்கத் தடையுள்ள நிபந்தனைப் பட்டா என்றாலோ கிரயத்துக்கே வழியில்லை. இவற்றில் பணத்தைத் திரும்பக் கேட்பதே புத்திசாலித்தனம். தவறு உங்களுடையது இல்லையென்றால், கொடுத்த முன்பணத்துக்கு அந்த நிலத்தின் மேலேயே உங்களுக்குப் பொறுப்புரிமை உண்டு, அதாவது நிலத்திலிருந்தே பணத்தை வசூலிக்கும் உரிமை. அதைக் குறிப்பிட்டு வழக்குப் போட்டால் காலக்கெடு 12 ஆண்டு. இதைக் கேட்காமல் 3 ஆண்டு முடிந்ததென்று பணத்தைக் கைவிட்டவர்கள் ஏராளம்.

போலீஸ் புகார் எல்லாவற்றுக்கும் உதவாது. ஏற்கெனவே விற்ற நிலத்துக்கு மறைத்து அட்வான்ஸ் வாங்கியிருந்தால் அது மோசடி; மாவட்டக் குற்றப் பிரிவுக்குப் போகலாம். பின்னாளில் மனம் மாறியது வெறும் ஒப்பந்த மீறல், அது சிவில் வழக்கு.

தீர்ப்பு கிடைத்ததும் அசந்துவிடக் கூடாது. குறித்த நாளுக்குள் மீதித் தொகையைக் கட்டாவிட்டால், ஒப்பந்தத்தையே ரத்து செய்யச் சொல்லி விற்பவர் மனுப் போடலாம். கட்டிய பிறகும் அவர் வராவிட்டால் நிறைவேற்றல் மனுப் போடுங்கள். அவர் கையெழுத்தில்லாமலே நீதிமன்றம் கிரயப் பத்திரத்தை எழுதிக் கொடுக்கும்.