சோபாவில் சேர்ந்து ஆடும் கேமை வேறு வேறு ஊரில் இருந்தபடி ஆடுவது எப்படி?

ஒரே திரையைப் பார்த்துக்கொண்டு, ஆளுக்கொரு கன்ட்ரோலரைப் பிடித்து ஆடுவதற்கென்றே செய்த கேம்கள் உண்டு. கப்ஹெட், டவர்ஃபால், லவர்ஸ் இன் எ டேஞ்சரஸ் ஸ்பேஸ்டைம் எல்லாம் அந்த வகைதான். சேர்ந்து ஆடினால்தான் அவற்றில் ருசி. ஆனால் இந்த மூன்றிலும் ஆன்லைனில் சேர்ந்து ஆடும் வசதி கிடையாது. நண்பர்கள் ஒரு வீட்டில் கூடினால் ஆடலாம். ஒருவர் கோவை, ஒருவர் பெங்களூரு, இன்னொருவர் சிங்கப்பூர் என்று பிரிந்து கிடந்தால் என்ன செய்வது?

கணினி கேம்களை விற்கும் ஆன்லைன் கடையான ஸ்டீம், 2019 கடைசியில் இதற்கு ஒரு வழி கொடுத்தது. பெயர் ரிமோட் பிளே டுகெதர். கேம் ஒருவருடைய கணினியில் மட்டும் ஓடும். அந்தத் திரை நேரலை வீடியோவாக மற்றவர்களுக்குப் போகும். அவர்கள் அழுத்தும் பட்டன்கள் இணையம் வழியாகத் திரும்பி வந்து, அந்தக் கணினியிலேயே செருகிய கன்ட்ரோலர் போல வேலை செய்யும். அதனால் கேமை ஒருவர் வாங்கினால் போதும். மற்றவர்களிடம் பழைய லேப்டாப்போ வெறும் செல்போனோ இருந்தாலும் ஆடலாம், ஏனென்றால் அவர்கள் பக்கம் ஓடுவது வீடியோ மட்டும்தான்.

ஹோஸ்ட் யார் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்

கேம் ஓடும் கணினியின் சொந்தக்காரரைத்தான் ஹோஸ்ட் என்கிறோம். பெரும்பாலும் குழுவில் யாரிடம் விலை உயர்ந்த கிராபிக்ஸ் கார்டு இருக்கிறதோ அவரையே ஹோஸ்ட் ஆக்கிவிடுகிறார்கள். இது தவறான தேர்வு. நான் மேலே சொன்ன கேம்கள் சாதாரண லேப்டாப்பிலேயே ஓடும். ஆட்டம் நன்றாக இருக்குமா என்பதைத் தீர்மானிப்பது ஹோஸ்டின் அப்லோட் வேகம், அதாவது அவர் கணினியிலிருந்து இணையத்துக்கு அனுப்பும் வேகம்.

காரணம் எளிது. 1080பி (முழு எச்டி) அளவில், நொடிக்கு 60 ஃபிரேம் (தனித்தனிப் படம்) என்று அனுப்ப ஒரு நண்பருக்குச் சுமார் 10 எம்பிபிஎஸ் வைத்துக்கொள்ளலாம். மூன்று நண்பர்கள் என்றால் மூன்று தனித்தனி ஸ்ட்ரீம், அதாவது 30 எம்பிபிஎஸ் அப்லோட். "எங்க வீட்ல 100 எம்பிபிஎஸ் லைன்" என்று சொல்பவரின் அப்லோட் வெறும் 10 ஆகவும் இருக்கலாம், கேபிள் இணைப்புகளில் இது சகஜம். ஆகவே எல்லோரும் ஃபாஸ்ட் டாட் காம் போன்ற தளத்தில் வேகத்தை அளந்து, அப்லோட் எண்ணை மட்டும் குரூப்பில் போடுங்கள். ஃபாஸ்ட் டாட் காமில் முதலில் டவுன்லோட் வேகம்தான் தெரியும், கூடுதல் தகவல் பட்டனை அழுத்தினால் அப்லோட் வரும். யாருடைய எண் பெரியதோ அவர் ஹோஸ்ட்.

அவருக்கு இரண்டு வேலைகள். ஒன்று, கணினியை ரூட்டரோடு லேன் கேபிளால் இணைப்பது. வைஃபையில் வேகம் நிறைய காட்டும், ஆனால் நடுநடுவே ஒரு கணம் தடுக்கும். படம் பார்க்கும்போது அது தெரியாது, முன்கூட்டியே கொஞ்சம் தரவிறக்கி வைத்திருப்பார்கள். கேம் ஸ்ட்ரீமில் அப்படிச் சேமித்து வைக்க வழியில்லை, தடுக்கல் அப்படியே திரையில் தெரியும். கேபிள் போட முடியவே முடியாது என்றால் 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில், ரூட்டர் இருக்கும் அறையிலேயே உட்காருங்கள். அடுக்குமாடிக் குடியிருப்பில் 2.4 கிகாஹெர்ட்ஸ் வேண்டவே வேண்டாம், அக்கம்பக்கத்து ரூட்டர்கள் எல்லாம் அதே அலைவரிசையில்தான் இருக்கும். இரண்டாவது வேலை, வீட்டில் அந்த நேரத்தில் பெரிய ஃபைல் எதையும் யாரும் அப்லோட் செய்யாமல் பார்த்துக்கொள்வது. செல்போன் படங்கள் தானாக கூகுள் போட்டோஸுக்குப் போவதும் இதில் சேர்த்தி.

டேட்டா கணக்கையும் பார்த்துக்கொள்ளுங்கள். 10 எம்பிபிஎஸ் ஸ்ட்ரீம் ஒரு மணி நேரத்தில் 4.5 ஜிபி தின்னும். செல்போன் டேட்டாவில் சேரும் நண்பருக்கு அன்றைய டேட்டா அரைமணியிலேயே தீர்ந்துபோகலாம். அவர் 720பி என்ற சிறிய அளவில் சேர்வது நல்லது.

தூரத்துக்கு ஏற்ற கேம்

அப்லோட் எவ்வளவு இருந்தாலும் தூரத்தை வெல்ல முடியாது. கண்ணாடி இழைக்குள் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் போகும். சென்னையிலிருந்து சிங்கப்பூர் சுமார் 2,900 கிலோமீட்டர். போய்வரக் குறைந்தது 29 மில்லிசெகண்ட் வேண்டும். டொரன்டோவுக்கு நேர்க்கோட்டிலேயே 13,000 கிலோமீட்டருக்கு மேல், போய்வர 130 மில்லிசெகண்ட். கேபிள்கள் நேர்க்கோட்டில் போவதில்லை, நடுவில் எத்தனையோ ரூட்டர்களும் உண்டு. அதனால் உண்மையில் இதைவிடக் கூடுதலாகவே ஆகும். இதற்குமேல் வீடியோவைச் சுருக்கி அனுப்பி, அங்கே விரிக்கும் நேரமும் சேரும்.

60 ஃபிரேம் ஓடும் கேமில் ஒரு ஃபிரேம் சுமார் 17 மில்லிசெகண்ட். டொரன்டோ நண்பர் பட்டனை அழுத்தி, அது நடந்ததை அவர் கண்ணால் பார்ப்பதற்குள் எட்டு ஃபிரேமுக்கு மேல் கடந்துவிடும். கப்ஹெட்டில் அந்த எட்டு ஃபிரேமுக்குள் செத்துப்போகலாம்.

அதனால் ஒரே நாட்டுக்குள் இருப்பவர்கள் கப்ஹெட், டவர்ஃபால் போன்ற வேகமான கேம்களையும் முயன்று பார்க்கலாம். கடல் தாண்டி ஆள் இருந்தால் நிதானமான கேமாகத் தேர்ந்தெடுங்கள். அன்டைட்டில்டு கூஸ் கேமில் 2020-இல் இருவர் ஆடும் வசதி வந்தது. இரண்டு வாத்துகளாக ஊரைக் கலங்கடிக்கலாம், கொஞ்சம் தாமதம் வந்தாலும் ஒன்றும் கெட்டுப்போகாது. ஸ்பிரிட்ஃபேரரும் இருவருக்கு அருமையான தேர்வு. லவர்ஸ் இன் எ டேஞ்சரஸ் ஸ்பேஸ்டைம் நடுவில் நிற்கும். அதில் நான்கு பேர் ஒரே விண்கலத்தில் ஓடி ஓடி ஸ்டீயரிங், துப்பாக்கி, கேடயம் என்று பிரித்துப் பார்க்க வேண்டும். தூரத்து நண்பருக்குக் கேடயத்தையோ வரைபடத்தையோ கொடுத்தால் சமாளித்துவிடுவார். என்னைக் கேட்டால் முதல்முறை ஆடும் குழுவுக்கு இதுதான் சரியான கேம். தோற்றாலும் சிரிப்பு நிற்காது.

ஸ்டீமில் அமைப்பது

ஹோஸ்ட் கேமை வாங்கும்முன் ஸ்டீம் கடையில் அந்தக் கேமின் பக்கத்தைப் பார்க்க வேண்டும். வலப்பக்கம் உள்ள வசதிகள் பட்டியலில் ரிமோட் பிளே டுகெதர் என்று எழுதியிருக்க வேண்டும். அது இல்லையென்றால் வாங்காதீர்கள்.

அடுத்து, நண்பர்கள் இலவச ஸ்டீம் கணக்கு தொடங்கட்டும். இங்கே புதியவர்கள் மாட்டிக்கொள்ளும் ஓர் இடம் உண்டு. ஸ்டீமில் 5 டாலராவது செலவழிக்காத கணக்கால் யாருக்கும் நட்பு அழைப்பு அனுப்ப முடியாது. வந்த அழைப்பை ஏற்க மட்டும் முடியும். ஆகவே புதிய கணக்குக்காரர் தன் ஃபிரண்ட் கோடை வாட்ஸ்அப்பில் அனுப்ப, கேம் வாங்கிய ஹோஸ்ட் அதைப் போட்டு அழைக்க வேண்டும்.

சரி, இனி ஆட்டத்துக்கு வருவோம்.

1. ஹோஸ்ட் கேமைத் தொடங்கி, முதல் மெனுவில் நிறுத்துகிறார். கேம் ஓடிக்கொண்டிருந்தால்தான் அழைக்க முடியும்.

2. ஷிஃப்ட், டேப் இரண்டையும் சேர்த்து அழுத்தினால் கேமின் மேலேயே ஸ்டீம் ஓவர்லே திறக்கும். நண்பர்கள் பட்டியலில் பெயர்மீது ரைட் கிளிக் செய்து, ரிமோட் பிளே டுகெதர் என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

3. நண்பருக்கு ஸ்டீம் சாட்டில் அழைப்பு வரும். ஏற்றதும் ஹோஸ்டின் கேம் அவர் திரையில் தெரியும். அவர் கேமை டவுன்லோட் செய்யத் தேவையில்லை.

4. எல்லோரும் சேர்ந்த பிறகு, கேமுக்குள் லோக்கல் கோ-ஆப் அல்லது லோக்கல் மல்டிபிளேயர் என்று இருப்பதைத் தேர்ந்தெடுங்கள். ஆன்லைன் என்று இருப்பதைத் தொடாதீர்கள். கேமைப் பொறுத்தவரை நீங்கள் எல்லோரும் ஒரே அறையில்தான் இருக்கிறீர்கள்.

ஸ்டீம் கணக்கே வேண்டாம் என்கிற நண்பருக்கும் வழி உண்டு. ஓவர்லேயில் யாரையும் அழைக்கும் லிங்க் ஒன்றை உருவாக்கலாம். அவர் தன் செல்போனிலோ லேப்டாப்பிலோ ஸ்டீம் லிங்க் என்ற இலவச ஆப்பைப் போட்டு, அந்த லிங்கைத் திறந்தால் போதும். ஆண்ட்ராய்டு, ஐபோன் இரண்டிலும் கிடைக்கிறது. கன்ட்ரோலர் இல்லையென்றால் ஆப்பே திரையில் தொடு பட்டன்களைக் காட்டும். கூஸ் கேமுக்கு அது போதும், டவர்ஃபாலுக்குப் போதாது. லிங்க் யார் கைக்குக் கிடைத்தாலும் உள்ளே வரலாம் என்பதால், தெரியாதவர்கள் இருக்கும் பெரிய குரூப்பில் அதைப் போடாதீர்கள்.

நான்கு பேர் வரை என்பது ஸ்டீம் சொல்லும் கணக்கு, லைன் நன்றாக இருந்தால் கூடுதலாகவும் சேரலாம். முதல் தடவை ஒரே ஒரு நண்பரை மட்டும் அழைத்துச் சோதித்துவிட்டு, அப்புறம் மற்றவர்களைக் கூப்பிடுங்கள்.

கன்ட்ரோலரும் கீபோர்டும்

எல்லோரிடமும் கன்ட்ரோலர் இருந்தால் பிரச்சினை குறைவு. கீபோர்டில்தான் குழப்பம் வரும். நண்பர் அழுத்தும் கீயும் ஹோஸ்ட் அழுத்தும் கீயும் கேமுக்கு ஒரே கீபோர்டாகவே போய்ச் சேரும். இரண்டு பேரும் டபிள்யூ கீயை அழுத்தினால் ஒரே பொம்மைதான் இரு மடங்கு குழம்பும். கேமின் அமைப்பில் முதல் ஆளுக்கு ஒரு பக்கத்துக் கீகள், இரண்டாம் ஆளுக்கு அம்புக்குறிகள் என்று பிரிக்க முடிந்தால் தப்பித்தீர்கள். இல்லையென்றால் கீபோர்டு ஒருவருக்கு மட்டும், மற்றவர்களுக்குக் கன்ட்ரோலர்.

ஓவர்லேயில் ஒவ்வொரு நண்பர் பெயருக்கும் பக்கத்தில் கன்ட்ரோலர், கீபோர்டு, மவுஸ் ஐகான்கள் இருக்கும். நண்பர் என்ன அழுத்தினாலும் எதுவும் நடக்கவில்லையா? முதலில் இங்கே பாருங்கள், அனுமதி அணைந்திருக்கும். யார் முதல் ஆள், யார் இரண்டாம் ஆள் என்பது மாறிப்போனால், எல்லோரும் கன்ட்ரோலரை எடுத்துவிட்டு, வேண்டிய வரிசையில் மறுபடி இணையுங்கள். பெரும்பாலும் சரியாகிவிடும்.

லேக் அடித்தால் எங்கே பார்ப்பது

எல்லாவற்றுக்கும் "லேக்" என்று ஒரே பேர் வைத்துவிடுகிறோம். அதற்குள் மூன்று வேறு வேறு கோளாறுகள் இருக்கின்றன. எது என்று பிரித்துப் பார்த்தால்தான் மருந்து கிடைக்கும்.

படம் கட்டம் கட்டமாக உடைந்து, மங்கி, பிறகு தெளிகிறது என்றால் அது வேகக் குறை. கேமின் அளவை 720பிக்கு இறக்குங்கள். நண்பர் தன் ஸ்டீமில் செட்டிங்ஸ், ரிமோட் பிளே பகுதிக்குப் போய், தரத்தை வேகம் என்ற நிலைக்கு மாற்றலாம். அங்கேயே எம்பிபிஎஸ் வரம்பும் வைக்கலாம்.

படம் பளிச்சென்று இருக்கிறது, ஆனால் அழுத்தியது தாமதமாக நடக்கிறது என்றால் காரணம் தூரம், வைஃபை அல்லது டிவி. ஆம், டிவியும்தான். லேப்டாப்பை டிவியில் இணைத்து ஆடும் நண்பர் டிவியில் கேம் மோடை இயக்க வேண்டும். படத்தை அழகாக்க டிவி செய்யும் வேலைகள் தாமதத்தைக் கூட்டும்.

ஹோஸ்டின் திரையிலேயே கேம் திக்கித் திக்கி ஓடுகிறதென்றால் இணையத்தைக் குறை சொல்லிப் பயனில்லை. கேமை ஓட்டுவதோடு வீடியோவையும் அதே கணினி சுருக்க வேண்டியிருக்கிறது. கேமின் கிராபிக்ஸைக் குறைத்து, ஃபிரேமை 60-க்குமேல் போகாமல் கட்டுங்கள். ஸ்டீமின் ரிமோட் பிளே அமைப்பில் ஹார்டுவேர் என்கோடிங் இயக்கத்தில் இருக்கிறதா என்றும் பாருங்கள். இன்டெல் 2011 முதலும், என்விடியா 2012 முதலும் வீடியோ சுருக்குவதற்கென்றே தனிப் பகுதியைத் தங்கள் சிப்களில் வைத்து வருகின்றன. அது வேலை செய்தால் பிராசசருக்குச் சுமை இறங்கும்.

நண்பருக்குத் திரை கருப்பாக மட்டும் தெரிந்தால், கேமை முழுத்திரையிலிருந்து விண்டோ நிலைக்கு மாற்றிப் பாருங்கள். பேசுவதற்கு டிஸ்கார்டோ வாட்ஸ்அப் குரூப் காலோ எதுவானாலும் சரி, எல்லோரும் ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள்.

ஸ்டீமில் இல்லாத கேம் என்றால்

அதற்குப் பார்செக் என்ற ஆப் இருக்கிறது, இதுவும் ஹோஸ்டின் திரையை இணையம் வழியாக அனுப்புவதுதான். 2021-இல் யூனிட்டி நிறுவனம் இதை வாங்கியது, தனிப்பட்ட பயன்பாட்டுக்கு இலவசம். இருவரும் கணக்கு தொடங்கி, ஆப்பைப் போட்டுக்கொள்ள வேண்டும். ஹோஸ்ட் லிங்கைப் பகிர, நண்பர் சேர்வார், ஹோஸ்ட் அனுமதிப்பார். எந்தக் கடையில் வாங்கிய கேமாக இருந்தாலும் ஓடும்.

ஸ்டீமுக்கும் இதற்கும் ஒரு முக்கிய வேறுபாடு உண்டு. ஸ்டீம் கேமை மட்டும் காட்டும். ஹோஸ்ட் வேறு விண்டோவுக்குப் போனால் நண்பர்களுக்கு அது தெரியாது. பார்செக் கணினித் திரை முழுவதையும் அனுப்பும். உங்கள் மெயில் திறந்திருந்தால் அவர்களும் படிக்கலாம். மவுஸும் கீபோர்டும் கொடுத்துவிட்டால் உங்கள் கணினியில் எதை வேண்டுமானாலும் திறக்கலாம். ஆகவே கன்ட்ரோலர் அனுமதி மட்டும் கொடுங்கள், மற்றவை நெருங்கிய நண்பருக்கு மட்டும். ஆட்டம் முடிந்ததும் ஹோஸ்டிங்கை அணைத்துவிடுங்கள்.

எல்லாவற்றையும் தன் கட்டுப்பாட்டில் வைத்துக்கொள்ள விரும்புபவர்களுக்கு சன்ஷைன், மூன்லைட் என்ற ஜோடி இருக்கிறது. இரண்டும் திறமூல மென்பொருள்கள். ஹோஸ்டின் கணினியில் சன்ஷைன், நண்பரிடம் மூன்லைட். இதில் ரூட்டரில் போர்ட்களை, அதாவது வெளியிலிருந்து இணைப்பு உள்ளே வரும் வழிகளை, திறந்துவிட வேண்டியிருக்கும். நம் ஊர் இணைப்புகள் பலவற்றில் பல வீடுகளுக்குச் சேர்த்து ஒரே பொது ஐபி முகவரி கொடுத்திருப்பார்கள், அங்கே போர்ட் திறந்தும் பயனில்லை. அப்படிப்பட்டவர்கள் இரு கணினிகளையும் ஒரே தனி வலையமைப்பில் சேர்க்கும் டெயில்ஸ்கேல் என்ற ஆப்பை இரு பக்கமும் போட்டு, அது கொடுக்கும் 100 என்று தொடங்கும் முகவரியை மூன்லைட்டில் சேர்த்தால் வழி திறக்கும். ஆனால் ஸ்டீமிலும் பார்செக்கிலும் கொஞ்ச நாள் பழகிய பிறகு இதைத் தொட்டால் போதும்.