பிடித்துவைத்த ரிடென்ஷன் காசு வரவில்லையா? மலையகத்துச் சின்ன ஒப்பந்தக்காரருக்கு

ஹட்டன் பக்கத்தில் ஒரு தோட்டப் பாதைக்குக் கொங்கிரீட் போட்டுக் கொடுத்தேன். பிடித்துவைத்த காசுக்காக ஏழு மாதம் ஒரு அலுவலகப் படியேறினேன். "அடுத்த கிழமை வாங்க" என்பார்கள், நானும் போவேன். ஒருதரமும் எழுதிக் கேட்கவில்லை.

முதலில், எந்தக் காசு என்று பிரித்துக்கொள்ளுங்கள். வங்கி கொடுத்த பிணைப் பத்திரம் வேறு, பில்லில் வெட்டியது வேறு. வெட்டியதுதான் ரிடென்ஷன். வழமையாக ஒவ்வொரு பில்லிலும் நூற்றுக்கு 10 வெட்டி, ஒப்பந்தத் தொகையில் நூற்றுக்கு 5 சேர்ந்ததும் நிறுத்துவார்கள். 20 லட்சம் வேலைக்கு 1 லட்சம். வேலையைக் கையேற்றதும் பாதி, குறைபாட்டுப் பொறுப்புக் காலம், அதாவது குறை தெரிந்தால் நீங்களே திருத்த வேண்டிய காலம், முடிந்ததும் மீதி. அந்தக் காலம் அனேகமாக 365 நாள். உங்கள் ஒப்பந்தத்தில் வேறு எண் இருந்தால் அதுவே கணக்கு.

அடுத்து, கையேற்புச் சான்றிதழைத் தேடி எடுங்கள். அதில் எழுதிய திகதியிலிருந்துதான் நாள் எண்ண வேண்டும். இல்லாவிட்டால் முதல் கடிதமே அதைக் கேட்டுத்தான்.

காலம் முடியுமுன் டி.ஓ.வை (தொழில்நுட்ப உத்தியோகத்தரை) கூட்டிக்கொண்டு பாதையை நடந்து பாருங்கள். இதைத்தான் நம்மவர்கள் விட்டுவிடுகிறார்கள். மே மாதம் மழை பிடித்தால் செப்டெம்பர் வரை விடாது. மேட்டு மண் சரிந்து கானை அடைக்கும், தண்ணீர் கொங்கிரீட்டுக்கு அடியில் இறங்கி ஓரம் வெடிக்கும். அதையும் உங்கள் குறை என்று எழுதினால் காசு நின்றுவிடும். உங்கள் குறையைத் திருத்துங்கள். மண்சரிவால் வந்ததைத் தனியாகக் குறித்து, படம் எடுத்து, அவரிடம் கையொப்பம் வாங்குங்கள்.

பிறகு கோரிக்கைக் கடிதம். ஒப்பந்த இலக்கம், தொகை, காலம் முடிந்த திகதி, எத்தனை நாளில் வேண்டும் என்பது, இவ்வளவும் ஒரு பக்கத்துக்குள். தமிழிலேயே எழுதலாம், அரச அலுவலகத்திடம் தமிழில் பதில் கேட்கவும் உங்களுக்கு உரிமை உண்டு. பதிவுத் தபாலில் போட்டு, துண்டைப் பத்திரப்படுத்துங்கள். "நிதி வந்ததும் தருவோம்" என்று பதில் வந்தால் கோபப்படாதீர்கள். கடன் இருப்பதை அவர்களே எழுத்தில் ஒத்துக்கொண்டார்கள், அது உங்களுக்குச் சாட்சி.

பதிலே இல்லையென்றால், அரச நிறுவனமானால், 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் பைல் எங்கே நிற்கிறது என்று கேளுங்கள். தருவார்களா இல்லையா என்பதை 14 வேலை நாளுக்குள் சொல்ல வேண்டும். நான் கேட்டபோது வந்த பதில்: "கோரிக்கைக் கடிதம் கோப்பில் இல்லை". ஏழு மாதம்!

அதற்கும் அசையாவிட்டால் சட்டத்தரணி. ஒப்பந்தத்தில் நடுத்தீர்ப்பு வாசகம் (பிணக்கை நீதிமன்றத்துக்குப் போகாமல் ஒரு நடுவர் தீர்ப்பார் என்பது) இருக்கிறதா என்று அவரைப் பார்க்கச் சொல்லுங்கள், இருந்தால் வழி வேறு. தனியாரிடம் சின்னத் தொகை என்றால் முதலில் மத்தியஸ்த சபை. அரசுக்கு எதிராக வழக்கென்றால் ஒரு மாத முன்னறிவித்தலும் வேண்டும். எழுத்து ஒப்பந்தத்துக்கு வழக்குப் போட 6 வருடம், வாய்ப்பேச்சுக்கு 3. காசு தர வேண்டிய நாளிலிருந்து எண்ணுங்கள்.