தருமபுரியில் விளையாடிய டூமை மீண்டும் ஓடவைப்பது எப்படி

1999-இல் தருமபுரி நான்கு ரோடு பக்கம் ஒரு கணினி மையத்தில், நானும் என் சித்தப்பா மகனும் ஒரே நாற்காலியில் ஒண்டி உட்கார்ந்து, அரக்கர்களைச் சுடும் கணினி விளையாட்டான டூம் விளையாடுவோம். நடப்பதும் திரும்புவதும் அவன். சுடுவதும் கதவு திறப்பதும் நான். இந்தப் பொங்கலுக்கு அவன் வந்தபோது அதையே என் மடிக்கணினியில் ஓடவிட்டேன். வழி சுலபம்தான்.

1993 டிசம்பரில் இட் சாஃப்ட்வேர் (id Software) நிறுவனம் இதை வெளியிட்டபோதே முதல் பாகத்தை இலவசமாகப் பகிர விட்டது. அந்த ‘டூம்1.வாட்’ (doom1.wad) கோப்பைத் தேடி இறக்கிக்கொள்ளுங்கள். 1997-இல் மூல நிரலும் வெளியானதால், இன்றைய கணினிகளில் ஓடும் வடிவங்கள் பல உண்டு. ஜிஇசட்டூம் பளபளப்பாக இருக்கும்; எனக்குச் சாக்லேட் டூம்தான் பிடிக்கும். அதே 320-க்கு 200 புள்ளிப் படம், சுவரை நெருங்கினால் கட்டம் கட்டமாக உடையும் அதே செங்கல் நிறம். சாக்லேட் டூமையும் அந்த வாட் கோப்பையும் ஒரே கோப்புறையில் வைத்து இயக்கினால் போதும்.

ஒரு தொல்லை உண்டு. மவுஸை முன்னே தள்ளினால் ஆளும் முன்னே ஓடுவான். சாக்லேட் டூமுடன் வரும் அமைப்பு நிரலில் (setup) மவுஸின் மேல்கீழ் அசைவை நிறுத்திவிடுங்கள். மேடையில் நிற்கும் அரக்கனைச் சுடத் தலை நிமிர வேண்டாம். நேராகச் சுட்டாலே குண்டு ஏறிப் போகும்.

முதல் கட்டம் திறந்ததும் இடப்பக்கம் ஓடுங்கள். படிக்கட்டின் உச்சியில் பச்சைக் கவசம் இருக்கிறது. சித்தப்பா மகன் கேட்காமலே அங்கே போனான். முதல் கதவு வந்ததும் என் கட்டைவிரல் ஸ்பேஸ் விசையில் இருந்தது.