பொத்தானுக்கும் திரைக்கும் இடையே: டிவி ஸ்டிக்கில் விளையாடும்போது இன்புட் லேக்கைக் குறைப்பது எப்படி?

ஃபயர் டிவி ஸ்டிக் போன்ற சிறு கருவியை டிவியில் செருகி, உள்ளறையில் இருக்கும் கணினியில் ஓடும் விளையாட்டை மூன்லைட் அல்லது ஸ்டீம் லிங்க் செயலி வழியாகக் கூடத்தில் அமர்ந்து விளையாடுகிறவர்கள் முதலில் உணரும் குறை, பொத்தானை அழுத்திய பிறகு திரையில் அசைவு தெரியச் சற்று நேரம் ஆகிறது என்பதுதான். இதையே இன்புட் லேக் என்கிறோம். படம் தெளிவாக இருக்கும், ஒலி சரியாக வரும், ஆனாலும் பந்து உதைபடும் கணம் கைக்கு அகப்படாது. உடனே பெரும்பாலோர் இணைய வேகத்தைக் கூட்டும் திட்டத்துக்கு மாறிவிடுகிறார்கள். வீட்டுக் கணினியிலிருந்து வரும் விளையாட்டு வெளி இணையத்தைத் தொடுவதே இல்லை என்பதால், அந்தச் செலவால் ஒரு மில்லிசெகண்ட் கூடக் குறையாது.

தாமதம் ஓர் இடத்தில் மட்டும் பிறப்பதில்லை. கண்ட்ரோலரின் சமிக்ஞை புளூடூத் வழியாக ஸ்டிக்குக்குப் போகிறது. ஸ்டிக் அதை ரௌட்டர் வழியாகக் கணினிக்கு அனுப்புகிறது. கணினி அடுத்த பிரேமை, அதாவது அசைவின் ஒரு தனிப் படத்தை, வரைந்து, அதைச் சுருக்கி, வந்த வழியே திருப்பி அனுப்புகிறது. ஸ்டிக் அதை விரித்து டிவிக்குத் தருகிறது. டிவி தன் பங்குக்குப் படத்தை மெருகேற்றிய பிறகே காட்டுகிறது. விநாடிக்கு 60 பிரேம் ஓடும் விளையாட்டில் ஒரு பிரேமின் ஆயுள் 16.7 மில்லிசெகண்ட். இந்தச் சங்கிலியின் ஒவ்வொரு கண்ணியும் ஒரு பிரேமைத் தேக்கி வைத்தாலே போதும், தாமதம் 100 மில்லிசெகண்டை எட்டிவிடும். ஆகவே எந்தக் கண்ணி தேக்குகிறது என்று கண்டறிவதே முதல் வேலை; அமைப்புகளை மாற்றுவது அதற்குப் பிறகுதான்.

முதலில் அளந்து பாருங்கள்

இதற்குத் தனிக் கருவி தேவையில்லை. விநாடிக்கு 240 பிரேம் எடுக்கும் ஸ்லோ மோஷன் வசதி இன்று பல கைபேசிகளில் இருக்கிறது. கண்ட்ரோலரைப் பிடித்திருக்கும் கட்டைவிரலும் டிவித் திரையும் ஒரே காட்சிக்குள் விழும்படி கைபேசியை நிறுத்திவைத்து, பொத்தானைப் பத்து முறை அழுத்திப் பதிவு செய்யுங்கள். பிறகு அந்தப் பதிவை ஒவ்வொரு பிரேமாக நகர்த்தி, விரல் பொத்தானை முழுதாக அழுத்திய பிரேமுக்கும் திரை மாறிய பிரேமுக்கும் இடையே எத்தனை பிரேம்கள் இருக்கின்றன என்று எண்ணுங்கள். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 4.2 மில்லிசெகண்ட்; 36 பிரேம் என்றால் 150 மில்லிசெகண்ட். பத்து அளவுகளும் ஒன்றுபோல் இரா. பொத்தானை அழுத்திய கணம் ஒரு பிரேமின் தொடக்கத்தில் விழுந்ததா, முடிவில் விழுந்ததா என்பதைப் பொறுத்து அவை மாறும் என்பதால், பத்தையும் வரிசைப்படுத்தி நடுவில் நிற்கும் எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள்.

இந்த அளவீட்டை இரண்டு இடங்களில் செய்ய வேண்டும் என்பதையே நான் வலியுறுத்திச் சொல்வேன். முதலில் ஸ்டிக்கின் முகப்புத் திரையில், அதே கண்ட்ரோலரால் ஐகான்களுக்கு இடையே நகர்ந்து அளக்கவும். அங்கே வலையமைப்பும் கணினியும் இல்லை. கண்ட்ரோலர், ஸ்டிக், டிவி ஆகிய மூன்று மட்டுமே இருக்கின்றன. பிறகு விளையாட்டுக்குள் அளக்கவும். முகப்புத் திரையிலேயே எண் பெரிதாக இருந்தால் டிவியையும் கண்ட்ரோலரையும் பாருங்கள். முகப்பில் சிறிதாக இருந்து விளையாட்டுக்குள் பெருகினால் வைஃபையையும் கணினியையும் பாருங்கள். இந்த ஒரு ஒப்பீடு பல நாள் அலைச்சலை மிச்சப்படுத்தும். இதன்பின் ஒரு நேரத்தில் ஓர் அமைப்பை மட்டும் மாற்றி, மறுபடி அளந்து, எண்ணைக் குறித்துக்கொண்டே போக வேண்டும்.

டிவி செய்யும் மெருகு

என் அக்கா வீட்டில் இணைய இணைப்பை இரண்டு முறை மாற்றியும், ரௌட்டரைப் புதிதாக வாங்கியும் தீராத தாமதம், டிவியின் ஒரே ஓர் அமைப்பை மாற்றியதும் தீர்ந்தது. அசைவுகளை வழுவழுப்பாகக் காட்டும் மோஷன் ஸ்மூத்திங் என்ற வசதி, இரண்டு பிரேம்களுக்கு நடுவே இல்லாத ஒரு பிரேமைக் கற்பனையாக வரைந்து செருகுகிறது. நடுவில் ஒன்றை வரைய வேண்டுமானால் அடுத்து வரும் பிரேம் கைக்கு வந்திருக்க வேண்டும். அதனால் டிவி எப்போதும் சில பிரேம்கள் பின்தங்கியே காட்டும். திரைப்படம் பார்ப்பவருக்கு இது தெரியாது. விளையாடுபவருக்கு அதுவே பெரும் சுமை. சினிமா முறையில் 100 மில்லிசெகண்ட் வரைகூட எடுத்துக்கொள்ளும் டிவி, இந்த மெருகுகளை ஒதுக்கிவைக்கும் கேம் மோடில் 10 முதல் 20 மில்லிசெகண்டுக்குள் வேலையை முடித்துவிடுவதைப் பல மாடல்களில் காணலாம். இவ்வளவு பெரிய வேறுபாட்டைத் தரும் மாற்றம் இந்தச் சங்கிலியில் வேறெங்கும் அரிது.

கேம் மோடை இயக்கும்போது மூன்று செய்திகளை நினைவில் கொள்ள வேண்டும். பல டிவிகளில் இந்த அமைப்பு ஒவ்வொரு எச்டிஎம்ஐ துளைக்கும் தனித்தனியாகச் சேமிக்கப்படுகிறது. ஸ்டிக்கை வேறு துளைக்கு மாற்றினால் பழைய நிலை திரும்பிவிடும். அதுபோலவே, ஒளி-நிழல் வேறுபாட்டைக் கூட்டிக் காட்டும் எச்டிஆர் படத்துக்கும் சாதாரணப் படத்துக்கும் வெவ்வேறு படமுறைகள் நினைவில் இருப்பதால், விளையாட்டு எச்டிஆருக்குத் தாவும் கணத்தில் கேம் மோட் விலகிவிடக் கூடும். அந்த நிலையிலும் ஒருமுறை சரிபாருங்கள். மூன்றாவதாக, எச்டிஎம்ஐ 2.1 தரத்தோடு வந்த ஏஎல்எல்எம் என்ற வசதி, விளையாட்டு தொடங்கியதும் டிவியைத் தானாகக் கேம் மோடுக்கு மாற்றச் சொல்லும் சமிக்ஞையாகும். கன்சோல்கள் இதை அனுப்புகின்றன. ஸ்டிக்கும் அனுப்பும் என்று நம்பியிராமல் கையாலேயே மாற்றிவிடுவது நல்லது.

ஸ்டிக்கை சவுண்ட்பார் வழியாக டிவியோடு இணைத்திருந்தால், அதை நேராக டிவியில் செருகி, ஒலியை மட்டும் டிவியில் ஏஆர்சி என்று குறித்திருக்கும் எச்டிஎம்ஐ துளை வழியாக சவுண்ட்பாருக்கு அனுப்புங்கள்.

வைஃபை: காற்றில் நடக்கும் நெரிசல்

முகப்பில் சரியாக இருந்து விளையாட்டுக்குள் தாமதம் பெருகுகிறது என்றால், முதலில் கணினியை ஈதர்நெட் கம்பியால் ரௌட்டரோடு இணைக்கவும். கணினியும் வைஃபையில், ஸ்டிக்கும் வைஃபையில் இருந்தால் தரவின் ஒவ்வொரு பொட்டலமும் அதே காற்றில் இரண்டு முறை பயணிக்கிறது: கணினியிலிருந்து ரௌட்டருக்கு ஒருமுறை, ரௌட்டரிலிருந்து ஸ்டிக்குக்கு ஒருமுறை. ஒரே அலைவரிசையில் ஒரு நேரத்தில் ஒரு கருவிதான் பேச முடியும் என்பதால், இரண்டும் ஒன்றுக்கொன்று வழிவிட்டுக் காத்திருக்கின்றன. ஸ்டிக்கை வைஃபையிலேயே விட்டுவிட்டுக் கணினியை மட்டும் கம்பியில் சேர்த்தாலே இந்தச் சுமை பாதியாகிறது.

அடுத்தது ஸ்டிக். இது கட்டாயம் 5 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் இருக்க வேண்டும். ரௌட்டர் இரண்டு அலைவரிசைகளுக்கும் ஒரே பெயரை வைத்திருந்தால், 5 கிகாஹெர்ட்ஸுக்குத் தனிப் பெயர் கொடுத்து அதில் மட்டும் ஸ்டிக்கைச் சேருங்கள். இதற்குக் காரணம் வேகம் மட்டும் அன்று. கண்ட்ரோலர் பேசும் புளூடூத்தும் 2.4 கிகாஹெர்ட்ஸில்தான் இயங்குகிறது. அதே அலைவரிசையில் விநாடிக்கு 20 மெகாபிட் படமும் வந்துகொண்டிருந்தால், விரல் நுனியில் இருந்து போகும் சின்னஞ்சிறு செய்தி அந்த இரைச்சலுக்குள் இடம் தேடி நிற்கும். மேலும், டிவியின் முதுகுப்புறம் உலோகத் தகட்டை ஒட்டி ஒளிந்திருக்கும் ஸ்டிக்குக்கு வைஃபையும் புளூடூத்தும் மங்கலாகவே எட்டும். பெட்டியோடு வரும் குட்டையான எச்டிஎம்ஐ நீட்டிப்புக் கம்பியை வேண்டாத பொருள் என்று எடுத்து வைத்துவிடாமல், அதன் வழியாக ஸ்டிக்கை டிவியின் ஓரத்துக்கு வெளியே தொங்கவிடுங்கள்.

கம்பி இழுக்க முடிந்த வீடுகளில் ஸ்டிக்கையும் ஈதர்நெட் அடாப்டரால் இணைப்பது எல்லாவற்றிலும் சிறந்தது. அந்த அடாப்டர்களில் சில விநாடிக்கு 100 மெகாபிட் வரையே கொடுக்கும். 20 மெகாபிட் ஓட்டத்துக்கு அது தாராளம். இங்கே நாம் வாங்குவது வேகத்தை அன்று, சீர்மையை.

அந்தச் சீர்மையை, ஒரு சிறு செய்தி போய்த் திரும்பும் நேரத்தை அளக்கும் பிங் கட்டளையால் சோதிக்கலாம். ஸ்டிக்கின் ஐபி முகவரியை அதன் அமைப்புகளில் நெட்வொர்க் பகுதியில் பார்த்துக்கொண்டு, விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போதே கணினியிலிருந்து நூறு முறை பிங் செய்யுங்கள். சும்மா இருக்கும் ஸ்டிக் மின்சாரத்தைச் சேமிக்க வைஃபையை அவ்வப்போது உறங்கவைக்கக் கூடும் என்பதால், ஓட்டம் இல்லாத நேரத்து அளவை நம்ப வேண்டாம். சராசரியைவிட உச்ச அளவையே கவனியுங்கள்: சராசரி 3 மில்லிசெகண்ட் என்று காட்டி, இடையிடையே 80-க்குத் தாவும் இணைப்பு, எப்போதும் 10-இல் நிற்கும் இணைப்பைவிட மோசமானது.

ஸ்டிக்கிலும் செயலியிலும் மாற்ற வேண்டியவை

ஸ்டிக்கின் காட்சி அமைப்பில் தானியங்கித் தேர்வை விட்டுவிட்டு, 60 ஹெர்ட்ஸைத் தேர்ந்தெடுங்கள். 50 ஹெர்ட்ஸில் நின்றுவிட்ட ஸ்டிக்குக்கு 60 பிரேம் ஓட்டம் வந்தால் விநாடிக்குப் பத்துப் பிரேமை அது கைவிட்டாக வேண்டும். அந்தத் திக்கல் தாமதமாகவே உணரப்படும். எச்டிஆர் அமைப்பை எப்போதும் என்பதிலிருந்து தேவைக்கேற்ப என்பதற்கு மாற்றவும்.

மூன்லைட்டில் விளையாட்டின் மேலேயே புள்ளிவிவரங்களைக் காட்டும் வசதி ஒன்று இருக்கிறது; அதை இயக்கிவிட்டு விளையாடினால் வலையமைப்புத் தாமதமும், ஸ்டிக் ஒரு பிரேமை விரிக்க எடுக்கும் நேரமும் தனித்தனியாகத் தெரியும். விரிக்கும் நேரம் 16 மில்லிசெகண்டை நெருங்கினால் ஸ்டிக் திணறுகிறது என்று பொருள். அப்போது 4கே-விலிருந்து 1080பி-க்கு இறங்குங்கள், படத்தைச் சுருக்கும் முறைகளான எச்.264, எச்இவிசி இரண்டையும் மாற்றிப் பார்த்து, உங்கள் ஸ்டிக் எதை விரைவாக விரிக்கிறதோ அதை வையுங்கள். 1080பி 60 பிரேமுக்கு மூன்லைட் தானாக வைக்கும் பிட்ரேட்டே, அதாவது விநாடிக்கு 20 மெகாபிட் தரவே, போதுமானது; படம் இன்னும் மின்ன வேண்டும் என்று அதை உயர்த்துவது, வைஃபையில் இருப்பவருக்குத் தாமதத்தை விலைகொடுத்து வாங்குவதாகும். பிரேம்களைத் திரையில் காட்டும் இடைவெளியைச் சீராக்கும் பிரேம் பேசிங் என்ற தேர்வில் குறைந்த தாமதத்துக்கு முன்னுரிமை தருவதைத் தேர்ந்தெடுங்கள்.

டிவியின் யூஎஸ்பி துளையிலிருந்து ஸ்டிக்குக்கு மின்சாரம் எடுக்காதீர்கள். சாதாரண யூஎஸ்பி 2.0 துளை 500 மில்லியாம்பியர் அளவுக்கே பொறுப்பேற்கிறது. நெடுநேரம் படத்தை விரிக்கும் வேலைக்குப் பெட்டியோடு வந்த அடாப்டரே ஏற்றது.

கண்ட்ரோலரும் கணினியும்

புளூடூத் ஹெட்போனையும் புளூடூத் கண்ட்ரோலரையும் ஒரே ஸ்டிக்கில் சேர்த்து விளையாடுவது தவறு. இரண்டும் ஸ்டிக்கின் ஒரே புளூடூத் ரேடியோவைப் பங்கிடுகின்றன. அதோடு புளூடூத் ஒலி 100 மில்லிசெகண்டுக்கு மேல் பிந்துவது வழக்கம் என்பதால், திரை சரியாக அசைந்தாலும் துப்பாக்கிச் சத்தம் பின்னால் வந்து கையைக் குழப்பும். டிவியின் ஒலிபெருக்கியையோ, டிவியில் செருகும் கம்பி ஹெட்போனையோ பயன்படுத்துங்கள்.

கணினி அடுத்த அறையில்தான் இருக்கிறது என்றால் கண்ட்ரோலரை ஸ்டிக்கோடு இணைக்காமல் நேராகக் கணினியோடு இணைத்துப் பாருங்கள். சுவரைத் தாண்டி எட்டினால் ஒரு கண்ணியே சங்கிலியிலிருந்து கழன்றுவிடும். விளையாட்டைத் தொலைவிலுள்ள சர்வரில் ஓட்டி அனுப்பிய கூகுள் ஸ்டேடியா சேவை இதே எண்ணத்தில்தான் தன் கண்ட்ரோலரை டிவியில் செருகும் குரோம்காஸ்டோடு சேர்க்காமல், வைஃபை மூலம் நேராக சர்வரோடு பேச வைத்தது. அந்தச் சேவை 2023 ஜனவரியில் மூடப்பட்டுவிட்டாலும், அந்த வடிவமைப்பு சரியானது என்றே கருதுகிறேன்.

கணினியில், பிரேம்களைத் திரையின் வேகத்துக்கு இசையக் காத்திருக்கவைக்கும் வி-சிங்கை விளையாட்டின் அமைப்பில் நிறுத்தி, பிரேம் எண்ணிக்கையை 60-க்கு மட்டுப்படுத்துங்கள். கிராஃபிக்ஸ் கார்டு முழுத் திறனில் மூச்சுத் திணற ஓடும்போது, பிரேமைப் பிடித்துச் சுருக்கி அனுப்பும் வேலையும் வரிசையில் காத்திருக்கும். நிழல், பிரதிபலிப்பு போன்றவற்றை ஒரு படி குறைத்து அதற்குக் கொஞ்சம் இடம் விடுங்கள்.

கிளவுட் சேவையில் விளையாடுகிறீர்கள் என்றால்

விளையாட்டு வீட்டுக் கணினியில் ஓடாமல், நிறுவனத்தின் தொலைதூர சர்வரில் ஓடுவதே கிளவுட் சேவை. இப்போதுதான் வெளி இணையம் கணக்கில் வருகிறது. அங்கும் வேகத்தைவிடத் தூரமே பெரிது. கண்ணாடி இழையில் ஒளி விநாடிக்கு ஏறத்தாழ 2,00,000 கிலோமீட்டர் செல்கிறது. சென்னையிலிருந்து மும்பை நேர்க்கோட்டில் 1,000 கிலோமீட்டரைச் சற்றுத் தாண்டும். போய்வர 10 மில்லிசெகண்ட். சிங்கப்பூர் ஏறத்தாழ 2,900 கிலோமீட்டர்; போய்வர 29. கேபிள்கள் நேர்க்கோட்டில் போவதில்லை என்பதால் உண்மையில் இதைவிடக் கூடுதலாகவே ஆகும். சர்வர் இடத்தைத் தேர்ந்தெடுக்கும் வசதியைச் சேவை தந்தால், வரைபடத்தில் அருகில் இருப்பதைத் தேடுவதோடு நில்லாமல், ஒவ்வொன்றின் பிங் அளவையும் பார்த்துத் தேர்ந்தெடுங்கள்.

வீட்டுக்குள் நீங்கள் திருத்தக்கூடியது, ரௌட்டரில் உண்டாகும் வரிசை. யாரேனும் கைபேசிப் படங்களைக் கிளவுடுக்கு ஏற்றிக்கொண்டிருந்தால், ரௌட்டர் அந்தப் பொட்டலங்களை நீண்ட வரிசையில் நிறுத்தி, உங்கள் பொத்தான் செய்தியை அதன் வாலில் நிற்கவைக்கிறது. ரௌட்டரில் எஸ்கியூஎம் என்ற வரிசை மேலாண்மை இருந்தால் அதை இயக்கி, ஏற்றும் வேகத்தையும் இறக்கும் வேகத்தையும் உங்கள் இணைப்பின் உண்மையான வேகத்தில் 90 விழுக்காட்டுக்கு மட்டுப்படுத்துங்கள். அந்த வசதி இல்லாத ரௌட்டர் என்றால், வீட்டிலுள்ள கைபேசிகளின் தானியங்கிப் பேக்கப்பை நள்ளிரவுக்கு மாற்றிவிட்டு, 240 பிரேம் அளவீட்டை மாலையில் ஒருமுறை, இரவு பதினொரு மணிக்கு ஒருமுறை செய்து பாருங்கள். அதன் பிறகும் இரண்டு எண்களும் வெகுவாக வேறுபட்டால், நெரிசல் உங்கள் வீட்டுக்கு வெளியே இருக்கிறது. இணைப்புத் தருகிறவரிடம் அந்த இரண்டு எண்களோடு முறையிடுங்கள்.